மாதவியின் மறுமொழி: ‘தில்லானா மோகனாம்பாள்’ குறித்துச் சில எண்ணங்கள்

“ஆட்டமும் பாட்டுமாய் ஓடும் ஒரு படத்தைப் பற்றி எழுத என்ன இருக்கிறது? சனங்களை மயக்கி உறங்கவைக்கும் சரக்குத்தானே அது?” என்று நண்பர் ஒருவர் என்னைக் கேட்டார். நண்பர் நிறையப் படித்தவர். தொழிற்சங்க வேலைகளில் முன்னுக்கு நிற்பவர். அவருடைய கேள்வி புதியதன்று. தமிழ்ச் சினிமாவின் பாட்டை நம் முற்போக்கு விமர்சகர் பலர் நெடுங்காலமாக ஐயக்கண் கொண்டே நோக்கி வந்துள்ளனர். அதற்குக் காரணமும் உண்டு. கதை ஒருபுறம் அநாதையாய்க் கிடக்க, காதலனும் காதலியும் மலைச்சாரல்தோறும் உடைமாற்றி உடைமாற்றி ஓடுவதைக் கண்டு சலித்தவர் வேறு எவ்வாறு எண்ணுவர்? ஆயினும், பனையடியில் நின்று குடிப்பதெல்லாம் கள்ளே என்று தீர்ப்புக் கூறிவிடுவது விமர்சனமாகாது. பாட்டு ஒரு படத்தில் என்ன வேலை செய்கிறது, யாருக்காகச் செய்கிறது என்று பார்த்த பின்னரே அதனைக் கொள்வதும் தள்ளுவதும் முறை.

அவ்வாறு பார்ப்பதற்கு ‘தில்லானா மோகனாம்பா’ளைப் போன்று வாய்ப்பான படம் தமிழில் வேறில்லை என்பது என் துணிபு. கொத்தமங்கலம் சுப்பு ‘கலைமணி’ என்னும் புனைபெயரில் 1957–58இல் ஆனந்த விகடனில் தொடராக எழுதிய நாவலை, ஏ. பி. நாகராஜன் 1968இல் படமாக்கினார். சிக்கல் சண்முகசுந்தரம் என்னும் நாதஸ்வர வித்துவானாகச் சிவாஜி கணேசனும், ஆடல்மகள் மோகனாவாகப் பத்மினியும் தோன்றினர். இசை கே. வி. மகாதேவன், பாடல்கள் கண்ணதாசன். அவ்வாண்டின் சிறந்த தமிழ்ப்படத்துக்கான தேசிய விருதும் அதற்கே கிடைத்தது. கதையை விரித்துரைக்க வேண்டியதில்லை. தொலைக்காட்சி புண்ணியத்தில் அதனை அறியாத தமிழ் வீடு குறைவு. என் வகுப்பு மாணவர்கூடத் தொலைபேசியின் சிறு திரையில் அதனைத் துண்டு துண்டாய்ப் பார்த்திருக்கிறார்கள். துண்டாகப் பார்த்ததனாலேயே அவர்கள் தவறவிட்டது ஒன்று உண்டு. அதைச் சொல்வதற்கே இக்கட்டுரை.

பாடிப் பேசுவது நமக்கு அந்நியமான வழக்கன்று. முல்லைத்தீவுப் பகுதியிலே கோவலன் கூத்து வழிவழியாக ஆடப்பட்டு வருகிறது; காத்தவராயன் கூத்தும் வன்னியெங்கும் செல்வாக்குடையது. கூத்திலே கோபத்தையும் பாடுவார்கள், பொருள் கேட்பதையும் பாடுவார்கள், பிரிவையும் பாடுவார்கள். பிற்பாட்டுக்காரர் அதனை வாங்கித் திருப்பிப் பாடும்போது, ஒருவனுடைய துயரம் ஊருடைய துயரமாகிறது. “இவன் ஏன் பேசாமல் பாடுகிறான்?” என்று எங்கள் கிராமத்துக் கிழவி ஒருத்தியும் கேட்டதில்லை.

மேற்கிலோ அந்தக் கேள்வி எழுந்தது. ஜாக் டெமி என்னும் பிரெஞ்சு நெறியாளர் 1964இல் ‘ஷெர்பூர் நகரத்துக் குடைகள்’ என்றொரு படம் எடுத்தார். அதிலே ஒரு சொல்கூடப் பேசப்படுவதில்லை. மோட்டார் திருத்துவோர் வேலை முடிந்து கைகழுவும்போது சொல்வதும், கடைக்கு வந்த கடன் கடிதமும், எல்லாமே மிஷெல் லெகிரானின் இசையில் பாட்டாக வருகின்றன. எல்லாரும் பாடிக்கொண்டே இருக்கும் இசைநாடகம் தனக்குப் பிடிக்காது, சினிமாவே மேல் என்று ஒரு தொழிலாளி தொடக்கத்திலேயே பாடிச் சொல்கிறான்! தன்மீது வரப்போகும் குற்றச்சாட்டை அந்த நெறியாளர் தாமே முந்திக்கொண்டு எள்ளிவிட்டார். திரையில் தோன்றும் நடிகர்களுக்கு வேறு பாடகர்கள் குரல் கொடுத்தார்கள் என்பதை அறிந்தபோது எனக்குச் சிரிப்பு வந்தது. பின்னணிப் பாட்டைத் தமிழ்ச் சினிமாவின் குறையென்று இகழ்வோர், கான் விழாவின் பெரும் பரிசு பெற்ற இப்படத்தை என்ன செய்வார்களோ தெரியவில்லை.

நாகராஜன் டெமியைப் போல முழுப் படத்தையும் பாட்டாக்கவில்லை. அவர் நாடகக் கொட்டகையில் வளர்ந்தவர், டி. கே. எஸ். சகோதரர் குழுவிலே சிறுவயதில் பெண்வேடம் கட்டியவர். வசனத்தின் வலிமையும் அதன் எல்லையும் அவருக்குத் தெரியும். ஆகவே, பேசக்கூடிய இடத்திலே பாத்திரங்களைப் பேசவைத்தார்; பேச முடியாத இடத்திலே இசையை நுழைத்தார். படத்தின் அழகெல்லாம் இந்த ஒரு தெளிவிலிருந்தே பிறக்கிறது.

எந்த இடம் பேச முடியாத இடம்? திருவிழாக் கூட்டத்தின் நடுவே ஓர் ஆடல்மகளும் ஒரு நாயனக்காரனும் என்ன பேசிவிட முடியும்? அவள் பின்னால் தாய் நிற்கிறாள். அவன் பின்னால் அவனுடைய மேளம் நிற்கிறது. முன்னால் பணமும் நிலமும் உடையவர்கள் அமர்ந்திருக்கிறார்கள். கண்ணெடுத்துப் பார்ப்பதும் ஊர்ப்பேச்சாகிவிடும். ஆனால் ஆடுவதும் வாசிப்பதும் அவர்களுடைய தொழில். தொழிலுக்குள் ஒளித்து அவர்கள் எதையும் சொல்லிக்கொள்ளலாம். கூலி கொடுத்தவனும் கேட்டுத் தலையாட்டுவான்!

‘மறைந்திருந்தே’ என்று தொடங்கும் பாட்டை எடுத்துக்கொள்வோம். ஆட்டம் பார்ப்பது தம் தகுதிக்குக் குறைவு என்று வீறாப்புப் பேசிய சண்முகசுந்தரம், தம் குழுவினர் அறியாமல் வந்து தூண் மறைவில் நிற்கிறார். பார்த்தால், குழுவினரும் ஆளுக்கொரு தூணின் பின்னே நிற்கிறார்கள். இந்த நகைச்சுவையை மட்டும் கண்டு சிரித்துவிட்டுப் போகலாம். பெரும்பாலோர் அவ்வாறே போகிறார்கள். ஆனால் ஆடுகிறவள் அவரைக் கண்டுகொண்டுவிட்டாள். முருகனை நோக்கிய பக்திப் பாட்டாகச் சபை கேட்டுக்கொண்டிருப்பது, அந்தக் கணத்திலிருந்து தூணோடு ஒட்டி நிற்கும் ஒரு மனிதருக்கு விடுத்த கேள்வியாகிறது. இராகம் சண்முகப்பிரியா, அவர் பெயர் சண்முகசுந்தரம். சிலேடையைப் பாட்டுக்குள் மட்டுமன்றி இராகத்துக்குள்ளும் வைத்த மகாதேவனின் நுட்பத்தை என்னென்பது! பக்தி இலக்கியம் முழுவதிலும் நாயகன்–நாயகி பாவம் என்று நாம் வகுப்பில் ஒப்பிக்கிறோமே, அது ஒரு பெண்ணின் கையிலே ஆயுதமாவதை இங்கே காண்கிறோம். குற்றஞ்சாட்ட வருபவனிடம், “நான் சுவாமியைத்தானே பாடினேன்” என்று அவள் சொல்லிவிடலாம்.

இனி ‘நலந்தானா’. திருவாரூரிலே நிகழ்ந்த போட்டியில் மோகனாவின் ஆட்டத்தை மெச்சி, ‘தில்லானா மோகனாம்பாள்’ என்னும் பட்டத்தைச் சண்முகசுந்தரமே வழங்குகிறார். அவ்வேளையில் எறியப்பட்ட நஞ்சு தோய்ந்த கத்தி அவர் கையில் பாய்கிறது. ஆஸ்பத்திரியில் கிடந்து எழுந்து வந்த அவர், மீண்டும் அவள் ஆட வாசிக்க அமர்கிறார். புண் ஆறியதா, உடம்பு எப்படி என்று கேட்க அவளுக்கு உரிமையில்லை. மனைவியல்லள், உறவினளும் அல்லள். ஆகவே ஆடிக் கேட்கிறாள். அவர் நாயனத்தால் விடை சொல்கிறார். இடையிலே அவர் கண் கலங்குகிறது, மூச்சுத் தடுமாறும் போலிருக்கிறது, வாசிப்பு நிற்கவில்லை. தவிற்காரர் முத்துராக்காக வரும் டி. எஸ். பாலையா எல்லாவற்றையும் விளங்கிக்கொண்டு வாசிக்கும் முகத்தைக் கவனியுங்கள். அவர்தான் அங்கே பிற்பாட்டுக்காரர். இரண்டு பேருடைய துயரத்தை ஒரு குழுவின் துயரமாக்குகிறவர் அவரே. இக்காட்சியை எத்தனை முறை பார்த்தாலும் எனக்குக் கூத்துக் களரியின் நினைவு வராமல் இருப்பதில்லை.

கூத்தென்றதும் கோவலன் நினைவுக்கு வருகிறான்; கோவலனோடு மாதவியும். சிலப்பதிகாரத்தின் கானல்வரியை இங்கே நினையாதிருக்க இயலாது. புகார்க் கடற்கரையில் கோவலன் யாழெடுத்துப் பாடுகிறான். அவன் மனம் வேறொருத்தியிடம் உள்ளதோ என்று மாதவி ஐயுறுகிறாள். ஊடலாகத் தானும் பாடுகிறாள். அவள் பாட்டைக் கேட்டு, இவள் மனம் வேறொருவனிடம் போயிற்று என்று கோவலன் முடிவுகட்டி எழுந்து போய்விடுகிறான். காப்பியத்தின் துன்பமெல்லாம் தவறாகக் கேட்கப்பட்ட ஒரு பாட்டிலிருந்தே தொடங்குகிறது. மாதவி கடிதம் எழுதினாள். அவன் வாங்க மறுத்தான். கணிகை குலத்தவள், ஆடல்மகள், நடிக்கத் தெரிந்தவள் என்ற எண்ணம் அவனுக்குள் ஏற்கெனவே இருந்ததனாலேயே அவள் பாட்டு அவனுக்குப் பொய்யாய்ப்பட்டது. மனைவி பாடியிருந்தால் அவ்வாறு கேட்டிருப்பானா?

நாட்டார் வழக்கிலே மாதவியின் நிலை இன்னும் மோசம். இளங்கோ அவளுக்குக் கொடுத்த மாண்பெல்லாம் கழன்றுபோய், கோவலன் கதைகளிலே அவள் பொருள் பறிக்கும் பரத்தையாகவே வருகிறாள். நாங்கள் கண்ணகியின் மக்கள். வைகாசிதோறும் வற்றாப்பளையிலே கண்ணகி அம்மனுக்குப் பொங்கல் எடுப்பவர்கள். கடல்நீரில் விளக்கெரிப்பதை அதிசயத்தோடு காணும் அந்தப் பெருங்கூட்டத்திலே, மாதவிக்கு என்ன நேர்ந்தது என்று யார் கேட்கிறார்கள்? கண்ணகி நீதி கேட்டதில் எனக்குப் பெருமையே. ஆனால், நீதி கேட்க மன்றமே கிடைக்காத இன்னொரு பெண்ணும் அதே கதையில் இருந்தாள்.

மோகனா அந்த மாதவியின் வழித்தோன்றல். அவளுடைய தாய் வடிவாம்பாள், பழைய சித்திராபதியேதான். மகளின் கலையை முதலாக்கிச் செல்வரிடம் வட்டி வாங்க நினைப்பவள். சண்முகசுந்தரமோ கோவலனைப் போன்றே முன்கோபியும் ஐயப்பிராணியும். ஆயினும், புகாரிலே பிழைபட்டுப்போன உரையாடல் இந்தப் படத்திலே பிழைபடாமல் நடக்கிறது. அவள் பாடுவதை அவர் சரியாகக் கேட்கிறார். ஏன் கேட்க முடிந்தது? கோவலன் வணிகன், யாழ் அவனுக்குப் பொழுதுபோக்கு. சண்முகசுந்தரம் தொழிலாளி. ஒருவர் உழைப்பை மற்றவர் அறிந்திருப்பதனாலே, ஒருவர் சொல்லை மற்றவர் நம்ப முடிகிறது. இதுவே படத்தின் நெஞ்சு என்பேன். பாட்டை இங்கே கத்தரித்து எறிந்தால், எஞ்சுவது ஒரு சாதாரணக் காதற்கதை மாத்திரமே.

உழைப்பு என்று சொன்னேன். படத்தில் நாம் கேட்கும் நாயனம் மதுரைச் சகோதரர்களான எம். பி. என். சேதுராமன், பொன்னுசாமி ஆகியோருடையது. திரையில் காண்பது சிவாஜியும் ஏ. வி. எம். ராஜனும். இரண்டும் வேறென்று கண்டுபிடிப்பது கடினம். விரல் துளைகளில் ஓடும் விதமும், கன்னம் புடைத்து அடங்கும் விதமும், மூச்செடுக்கும் இடமும் அவ்வளவு ஒத்திருக்கின்றன. கலைஞனைக் காட்டும் நம் படங்கள் பலவற்றில் வீணை மடியில் கிடக்கும். விரல் எங்கோ கிடக்கும். இங்கே தொழிலுக்கு மரியாதை செய்யப்பட்டிருக்கிறது. நாயனம், தவில், தாளம் என்று ஒரு மேளம் முழுவதும் ரெயிலில் கூடி ஏறுவதும், மூட்டைகளோடு இடம் பிடிப்பதும், ஒருவரை ஒருவர் கேலி செய்வதும் ஓர் உழைப்புக் குழுவின் வாழ்க்கையாகவே காட்டப்படுகின்றன. இராசாக்களையும் துப்பறிவோரையும் மட்டுமே அறிந்திருந்த திரையில், கூலிக்கு வாசிப்போரின் பயணம் இவ்வளவு நேரம் காட்டப்பட்டது சிறு செய்தியன்று.

வைத்தியை மறந்துவிடக்கூடாது. நாகேஷ் அந்தப் பாத்திரத்திலே காட்டும் குழைவையும் குதிப்பையும் எல்லாரும் புகழ்ந்தாகிவிட்டது. எனக்கு வியப்பளிப்பது அப்பாத்திரத்தின் சமூக உண்மை. வைத்திக்கு நிலமில்லை, கலையுமில்லை. நிலமுள்ளவனுக்கும் கலையுள்ளவளுக்கும் நடுவே நின்று தரகு தின்கிறான். சிங்கபுரம் மைனரானாலென்ன, மதன்பூர் மகாராசாவானாலென்ன, அவனுக்கு எல்லாரும் ஒன்றே. நிலமானிய அமைப்பு இத்தகைய ஒட்டுண்ணிகளை எவ்வாறு பிறப்பிக்கிறது என்பதற்கு ஒரு பாடநூல் அத்தியாயம் சொல்வதைவிட அதிகம் இவன் சொல்கிறான். அவனைக் கண்டு சிரிக்கிறோம். சிரித்த பிறகு, நம் ஊரிலும் இப்படி ஒருவர் வெள்ளை வேட்டியோடு கந்தோர் வாசலில் நிற்பது நினைவுக்கு வருகிறது.

இவ்வளவும் சொன்ன பின், படத்தின் குறைகளைச் சொல்லாமல் விட்டால் நண்பருடைய கேள்விக்கு நேர்மையான பதிலாகாது. பிற்பகுதியிலே சண்முகசுந்தரத்தின் ஐயம் மறுபடி தலைதூக்குகிறது. மதன்பூர் அரண்மனையில் நிகழ்ந்தவற்றைக் கொண்டு அவர் மோகனாவைச் சந்தேகிக்க, அவள் உயிரை விடத் துணிந்துதான் தன் தூய்மையைக் காட்ட வேண்டியிருக்கிறது. திருவாரூரில் அவள் ஆட்டத்துக்குப் பட்டம் கொடுத்தவர், அவள் சொல்லுக்கு ஏன் மதிப்புக் கொடுக்கவில்லை? படம் அந்தக் கேள்வியைக் கேட்கவேயில்லை. கோவலன் பின்வாசலால் திரும்பி வந்துவிட்டான்! பிறகு, மகாராசா மன்னிப்புக் கேட்கிறார், மணமாலை விழுகிறது, பெண்ணை விலைபேசிய அமைப்பு அப்படியே இருக்க, அதிலே பிழைசெய்த தனிமனிதர் மட்டும் திருந்திவிடுகிறார்கள்.

இங்கேதான் பிரெஞ்சுப் படத்தை மறுபடி நினைக்கிறேன். அங்கும் ஒரு தாய் இருக்கிறாள், கடனில் மூழ்கிய குடைக்கடைக்காரி. அங்கும் ஒரு செல்வன் இருக்கிறான், நகை வணிகன். மகள் நேசிப்பதோ மோட்டார் திருத்தும் ஓர் இளைஞனை. 1957இல் அல்ஜீரியப் போருக்கென்று அரசு அவனைப் பிடித்து அனுப்புகிறது, கடிதங்கள் அருகுகின்றன, கருவுற்றிருந்த அவள் நகை வணிகனை மணக்கிறாள். இவர்களில் எவரும் கெட்டவர் அல்லர். அந்நியர் நாட்டை அடக்கிவைக்கப் பிரெஞ்சு அரசு நடத்திய போரும் பணமும் சேர்ந்து, மெல்லென, நல்ல மனிதரைக் கொண்டே வேலையை முடித்துக்கொள்கின்றன. 1963ஆம் ஆண்டு பனிக்காலத்தில், ஒரு பெற்றோல் நிலையத்திலே இருவரும் சில நிமிடம் சந்திக்கிறார்கள்; பிரிகிறார்கள். போருக்குப் போனவனின் கடிதத்துக்காகக் காத்திருப்பது எத்தகையது என்பதை வன்னியிலே யாருக்கும் விளக்க வேண்டியதில்லை. பஞ்சுமிட்டாய் நிறங்களும் இனிய மெட்டும் கொண்ட அந்தப் படம் தன் கதைக்குப் பொய்யான முடிவு கொடுக்கவில்லை. நாகராஜன் பாட்டிலே டெமிக்கு இளைத்தவர் அல்லர், முடிவிலே இளைத்துவிட்டார்.

இன்னுமொரு மௌனம் உண்டு. கோயிலுக்குப் பெண்ணைப் பொட்டுக்கட்டி விடும் வழக்கம் சென்னை மாகாணத்தில் 1947ஆம் ஆண்டுச் சட்டத்தாலே தடைசெய்யப்பட்டது. முத்துலட்சுமி ரெட்டியும் மூவலூர் இராமாமிர்தம் அம்மையாரும் பல்லாண்டு போராடியதன் விளைவு அது. அதற்கு மறு ஆண்டே சமீன்தாரி ஒழிப்புச் சட்டமும் வந்தது. படம் வெளிவந்தபோது இவையெல்லாம் இருபதாண்டுப் பழைய செய்திகள். ஆனாலும் மோகனாவின் துன்பத்துக்குக் காரணம் ஒரு தாயின் பேராசையே என்பது போலக் கதை செல்கிறது. சாதியென்ற சொல்லை அது கவனமாகச் சுற்றிக்கொண்டு போகிறது. அதே 1968இல், மாவிட்டபுரம் கந்தசுவாமி கோயில் வாசலிலே, உள்ளே சென்று வழிபடும் உரிமை கேட்டு ஒடுக்கப்பட்ட மக்கள் நின்றார்கள், அடிவாங்கினார்கள். திரையிலே கண்ட கோயில் மண்டபம் எவ்வளவு அழகாய் ஒளிர்ந்ததோ, அவ்வளவுக்கு அந்த வாசலைப் பற்றி அது வாய்திறக்கவில்லை.

ஜில் ஜில் ரமாமணிக்கு மாத்திரம் விதிவிலக்குக் கொடுக்கலாம். நாட்டுப்புற மேடைகளில் ஆடிப்பாடிப் பிழைக்கும் அந்தப் பெண்ணாக மனோரமா வரும் காட்சிகளிலே, கலையின் மேல்தட்டும் கீழ்த்தட்டும் ஒன்றையொன்று நேருக்கு நேர் பார்த்துக்கொள்கின்றன. அவளுக்குச் சங்கீதம் தெரியாது என்று சிரிப்பவர் சிரிக்கட்டும். தன் சோற்றைத் தானே சம்பாதிக்கும் பெண் படத்தில் அவளே. வித்துவச் செருக்கு மிகுந்த சண்முகசுந்தரம் அவளிடம் மட்டும் செருக்கின்றிப் பழகுவதை எழுதியவர் மனிதரை அறிந்தவர்.

படத்தின் தொடக்கக் காட்சியைக் கடைசிக்கு வைத்திருந்தேன். அழகர் கோயில் திருவிழாவிலே சண்முகசுந்தரம் வாசித்துக்கொண்டிருக்கையில் வாணவேடிக்கை வெடிக்கிறது. கேட்பதற்குத் தெரியாதவர் முன் வாசிப்பதில்லை என்று அவர் நாயனத்தை எடுத்துக்கொண்டு எழுந்து போகிறார். நாயனக்காரர் மேடையிலே மரியாதையோடு அமர வேண்டுமென்று தம் வாழ்நாளெல்லாம் நிமிர்ந்து நின்ற திருவாவடுதுறை இராஜரத்தினம் பிள்ளையின் நிழல் அந்த எழுச்சியிலே தெரிகிறது. கொட்டகையிலே இக்காட்சிக்குக் கைதட்டாதவர் இருந்திருக்க மாட்டார்.

சென்ற ஆண்டு எங்கள் பக்கத்துக் கோயில் ஒன்றிலே தேர்த் திருவிழா. யாழ்ப்பாணத்திலிருந்து வந்த மேளம். முதல் நாயனக்காரருக்கு அறுபது வயதிருக்கும். மண்டபத்தின் ஓரத்தில் தோடி தொடங்கினார். சிறிது நேரத்தில், தண்ணீர்ப் பந்தலிலே கட்டியிருந்த ஒலிபெருக்கி சினிமாப் பாட்டொன்றை அலறத் தொடங்கிற்று. சுற்றியிருந்த நாலைந்து பேரில் நானும் ஒருவன். ஓடிப்போய் நிறுத்தச் சொன்னேன். பொடியன்கள் கொஞ்சம் குறைத்தார்கள். திரும்பி வந்து பார்த்தபோது கிழவர் கண்ணை மூடிக்கொண்டு வாசித்துக்கொண்டுதான் இருந்தார். முடிந்ததும் அருகே போய், “ஐயா, இந்தச் சத்தத்துக்குள்ளே எப்படி வாசிக்கிறீர்கள்?” என்று கேட்டேன். சீவாளியைத் துணியால் துடைத்தபடி, “எழும்பிப் போனால் திருவிழாக் காசு தருவினமே, தம்பி?” என்றார். தவிற்காரர் சிரித்தார். பின் இருவரும் சுவாமி வீதிவலம் வர எழுந்து நடந்தார்கள்.